கீழே சாத்தப்படும் கதவு: பிபிசியின் ‘பொம்மை வீடு’

கிறிஸ்துமஸ் மரத்தைச் சுமந்து வந்த ஆள் கேட்கும் கூலி ஐம்பது ஓரே. நோரா ஒரு குரோனை எடுத்துக் கொடுத்து, மீதியை வைத்துக்கொள் என்கிறாள். நூறு ஓரே சேர்ந்தால் ஒரு குரோன். கேட்டதைப் போல இரண்டு மடங்கு கொடுத்துவிட்டாள். அவன் போனதும் பையிலிருந்து இரண்டு மக்ரூனை எடுத்து வாயில் போட்டுக்கொண்டு, பூனைபோல நடந்துபோய்க் கணவனுடைய அறைக் கதவில் காது வைக்கிறாள். நார்வே நாடகாசிரியர் ஹென்ரிக் இப்சனின் ‘பொம்மை வீடு’ தொடங்குவது இப்படித்தான். பணம் இவள் கையில் தங்காது என்று எல்லோரும் நினைக்கும்படி இப்சன் முதல் நிமிடத்திலேயே செய்துவிடுகிறார். அந்த வீட்டில் ஓரே ஓரேயாகக் கணக்குப் பார்க்கிறவள் அவள் ஒருத்திதான் என்பது பிறகுதான் தெரியவரும்.

இந்த நாடகத்தைத் தொலைக்காட்சிக்கு எடுத்தவர்கள் பலர். பெங்களூரில் தமிழ் நாடகம் போடுகிறவர்கள், அல்சூர் ஏரிப் பக்கம் தமிழ்ச் சங்கத்துக்கும் ஜே.பி. நகர் ரங்க சங்கராவுக்கும் நாடகம் பார்க்கப் போகிறவர்கள், ஒன்றே ஒன்றைப் பார்க்கத்தான் நேரம் இருக்கிறது என்றால், டேவிட் தாக்கர் இயக்கி 1992-இல் பிபிசி தந்த பதிப்பைத் தேடிப் பாருங்கள். ஜூலியட் ஸ்டீவன்சன் நோரா. கணவன் டோர்வால்ட் ஹெல்மராக ட்ரெவர் ஈவ், கடன் கொடுத்த க்ரோக்ஸ்டாடாக டேவிட் கால்டர், பழைய தோழி லிண்டெயாக ஜெரால்டின் ஜேம்ஸ், டாக்டர் ராங்காக பேட்ரிக் மலாஹைட். ஐந்து பேருமே மேடையில் ஊறிய நடிகர்கள். இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஓடும். நாடகத்தை வீட்டை விட்டு வெளியே இழுத்துக்கொண்டு போகாமல், வெட்டிச் சுருக்காமல் எடுத்திருக்கிறார்கள்.

பரிந்துரைக்க முதல் காரணம், நோராவை அவர்கள் புரிந்துகொண்ட விதம். விவரம் தெரியாத பெண்ணாக இரண்டரை மணி நேரம் துள்ளிவிட்டுக் கடைசி இருபது நிமிடத்தில் திடீரென்று ஞானம் பெறுகிறவளாக நோராவை நடிப்பது மேடையில் அடிக்கடி நடக்கும் பிழை. அப்படி நடித்தால் கடைசிக் காட்சி வேறு யாரோ எழுதி ஒட்டியது போல இருக்கும். ஸ்டீவன்சனின் நோரா முதல் காட்சியிலிருந்தே வேலை பார்த்துக்கொண்டிருக்கிறாள். சிரிப்பு, கொஞ்சல், குதிப்பு எல்லாமே அந்த வேலையில் சேர்ந்தவை. அதற்குப் பின்னால் ஒரு மூச்சுத்திணறல் இருக்கிறது. பத்தாவது வரிசையில் உட்கார்ந்து பார்க்கிறவருக்கு எட்டாத அந்த மூச்சுத்திணறல், கேமரா முகத்துக்கு அருகில் வரும்போது எட்டுகிறது.

கடனைப் புரிந்துகொள்ளாமல் இந்த நாடகத்தைப் பார்ப்பது வீண் என்பதால் கணக்கைச் சொல்லிவிடுகிறோம். கல்யாணமான புதிதில் டோர்வால்ட் கடுமையாக நோய்வாய்ப்படுகிறான். தெற்கே வெயில் உள்ள ஊருக்குப் போகாவிட்டால் பிழைக்கமாட்டான் என்று டாக்டர்கள் நோராவிடம் மட்டும் சொல்கிறார்கள். கடன் என்றாலே முகம் சுளிக்கும் கணவனிடம் சொல்ல முடியாது. அவள் 1200 ஸ்பெசிடாலர் கடன் வாங்கி, அப்பா கொடுத்தார் என்று சொல்லி, அவனை ஒரு வருடம் இத்தாலிக்குக் கூட்டிப்போய்ப் பிழைக்க வைக்கிறாள். 1875-இல் நார்வே குரோனுக்கு மாறியபோது ஒரு ஸ்பெசிடாலருக்கு நான்கு குரோன் என்று கணக்கு. ஆக, 4800 குரோன். முதல் காட்சியில் டோர்வால்ட் பெரிய மனது பண்ணி, பத்து, இருபது, முப்பது, நாற்பது என்று எண்ணி அவள் கையில் வைக்கும் பண்டிகைப் பணத்தைப் போல 120 மடங்கு. அந்த நாற்பதை வாங்கும்போது அவள் காட்டும் குதூகலத்தை இந்தக் கணக்கோடு சேர்த்துப் பாருங்கள். மூன்று மாதத்துக்கு ஒருமுறை வட்டி, அதோடு தவணை. துணிமணிக்கு அவன் கொடுப்பதில் பாதிக்கு மேல் செலவழித்ததில்லை. போன குளிர்காலத்தில் கிறிஸ்துமஸ் அலங்காரம் செய்கிறேன் என்று அறைக்குள் தாழ்போட்டுக்கொண்டு, பின்னிரவு வரை கூலிக்குப் படி எடுத்து எழுதியிருக்கிறாள். அப்படி உட்கார்ந்து சம்பாதித்தது கிட்டத்தட்ட ஆண்பிள்ளை ஆனது போல இருந்தது என்று தோழியிடம் சொல்கிற இடம் முதல் அங்கத்தின் உயிர். அங்கே மட்டும்தான் அவள் யாருக்காகவும் நடிக்கவில்லை.

அடுத்தது கையெழுத்து. கணவன் சம்மதம் இல்லாமல் மனைவி கடன் வாங்க முடியாத காலம் அது. நார்வேயில் மணமான பெண்ணுக்குச் சட்டம் முழு உரிமை கொடுத்தது 1888-இல்தான். நாடகம் வந்தது 1879-இல். எனவே பத்திரத்தில் நோராவின் அப்பா ஜாமீன் கையெழுத்துப் போட வேண்டும். அவரோ சாகக் கிடக்கிறார். அவரைத் தொந்தரவு செய்ய மனமில்லாமல் நோராவே போட்டுவிடுகிறாள். அப்பா இறந்தது செப்டம்பர் 29. கையெழுத்துக்குக் கீழே போட்டிருக்கும் தேதி அக்டோபர் 2.

இந்த இரண்டு தேதிகளும் மேடையில் அநேகமாக வீணாகிப் போகும். க்ரோக்ஸ்டாடாக நடிப்பவர் வில்லத்தனம் காட்டும் அவசரத்தில் இரண்டையும் ஒரே மூச்சில் சொல்லிவிடுவார். பார்வையாளர்கள் தாங்களே கழித்துப் பார்க்க நேரம் வேண்டும். முதல் தேதி, ஒரு நிறுத்தம், அப்புறம் இரண்டாவது தேதி. செத்தவர் மூன்று நாள் கழித்துக் கையெழுத்துப் போட்டிருக்கிறார் என்பது நம் மண்டையில் தானாக உறைக்க வேண்டும். டேவிட் கால்டரின் க்ரோக்ஸ்டாட் குரலை உயர்த்தி மிரட்டுகிற ஆள் இல்லை என்பது இங்கே பெரிய பலம். தானும் இதே மாதிரி ஒரு கையெழுத்தால் ஊரில் பெயர் கெட்டவன், டோர்வால்ட் மேனேஜராகப் போகும் வங்கியில் பார்க்கும் சின்ன வேலையைப் பிள்ளைகளுக்காக விடமுடியாதவன் என்ற களைப்பு அவரிடம் தெரிகிறது. ஒத்திகை பார்க்கும் குழுவில் க்ரோக்ஸ்டாட் வேடம் எடுத்திருப்பவர் இந்தக் காட்சியை மட்டும் நாலு தடவை பார்க்கலாம். அவன் உள்ளே வரும் தருணத்தையும் கவனியுங்கள்: நோரா பிள்ளைகளோடு கண்ணாமூச்சி ஆடுகிறாள், மேசைக்கு அடியில் ஒளிந்திருக்கிறாள், கதவு பாதி திறந்திருக்கிறது. கடன்காரன் முதலில் பார்ப்பது தரையில் தவழும் ஒரு தாயை.

மக்ரூன் பற்றிக் கொஞ்சம். தூத்துக்குடி மக்ரூன் தெரிந்த நமக்கு இந்தப் பண்டத்தை விளக்க வேண்டியதில்லை. நம்முடையது முந்திரி, ஐரோப்பாவில் பெரும்பாலும் பாதாம். சர்க்கரையும் முட்டை வெள்ளைக்கருவும் இரண்டுக்கும் பொது. பல் கெட்டுவிடும் என்று டோர்வால்ட் தடை போட்டிருப்பதால்தான் அவள் ஒளித்துத் தின்கிறாள். தொலைக்காட்சியில் சரியாக வராத டேக்கை மறுபடி எடுத்துக்கொள்ளலாம். மேடையில் அந்த வசதி இல்லை. மக்ரூன் பொடிந்து தொண்டையில் ஒட்டும், அடுத்த வசனம் இருமலோடு வரும். தமிழில் போடுகிறவர்கள் பாதித் துண்டை மட்டும் வாயில் வைத்து, மீதியை உள்ளங்கையில் மடக்கிக்கொள்வது நல்லது. தூத்துக்குடி வகை ஐரோப்பிய வகையைவிட லேசு, வாயில் சீக்கிரம் கரையும். அந்த விதத்தில் நமக்கு அதிர்ஷ்டம். ஸ்டீவன்சன் இந்தத் திருட்டுத் தீனியைக் குழந்தைத்தனமாகக் காட்டாமல், ஒரு சின்ன மூச்சுவிடும் இடமாகக் காட்டுகிறார்.

தபால் பெட்டிக்கு வருவோம். இரண்டாம் அங்கத்தில் க்ரோக்ஸ்டாட் எல்லாவற்றையும் எழுதி ஒரு கடிதத்தை உள்ளே போட்டுவிட்டுப் போகிறான். பெட்டியில் கண்ணாடி இருப்பதால் கடிதம் வெளியே தெரிகிறது. சாவி டோர்வால்டிடம். வீட்டில் ஒரு பொருள் கண்ணெதிரே இருந்தும் எடுக்க முடியாத நிலை என்றால் இதுதான். மூன்றாம் அங்கத்தில் டோர்வால்ட் பெட்டியைத் திறக்கப் போகும்போது பூட்டில் ஏதோ அடைத்திருக்கிறது. பார்த்தால் உடைந்த கொண்டை ஊசி. உன்னுடையது போல இருக்கிறதே என்கிறான். பிள்ளைகள் செய்த வேலையாக இருக்கும் என்று நோரா சொல்லிவிடுகிறாள். அவள் பூட்டை நெம்பிப் பார்த்ததை இப்சன் எந்தக் காட்சியிலும் காட்டவில்லை. அந்த ஒரு ஊசியில்தான் அது நமக்குத் தெரியவருகிறது. பெரிய அரங்கில் பின்வரிசைக்காரருக்கு ஊசி தெரியாது, வசனம் மட்டும் கேட்கும். வசனம் மட்டும் கேட்டால் அது வெறும் தகவலாகக் கடந்துபோகும். தொலைக்காட்சி இந்த நாடகத்துக்குச் செய்யக்கூடிய உபகாரம் இந்த மாதிரி இடங்களில்தான். மேடை போடுகிறவர்களுக்கு ஒரு யோசனை: டோர்வால்ட் ஊசியை விளக்குக்கு நேரே தூக்கிப் பிடித்து இரண்டு விநாடி பார்க்கட்டும்.

இரண்டாம் அங்கத்தின் தரான்தெல்லா நடனம்தான் நோரா வேடத்துக்கு வரும் எவரையும் சோதிக்கும் இடம். இத்தாலியின் தெற்குப் பகுதி நடனம் இது, 6/8 தாளம். நம் காதுக்குத் திஸ்ர நடையின் துள்ளல் வேகமாக ஓடுவது போலக் கேட்கும். டோர்வால்ட் தபால் பெட்டி பக்கம் போகாமல் இருக்க, நடனம் மறந்துவிட்டது, சொல்லிக்கொடுங்கள் என்று அவனைப் பிடித்துப் பியானோ முன்னால் உட்கார வைக்கிறாள். ஆடத் தொடங்கியதும் வேகம் மிஞ்சுகிறது. மெதுவாக, மெதுவாக என்கிறான். பிறகு ராங்க் வாசிக்க, டோர்வால்ட் எழுந்து நின்று திருத்துகிறான். அவள் காதில் எதுவும் ஏறவில்லை, தலைமுடி அவிழ்ந்து தோளில் விழுகிறது. உயிர் போகிற மாதிரி ஆடுகிறாயே என்று அவன் சொல்ல, ஆமாம், அப்படித்தானே என்கிறாள்.

பெங்களூரில் இந்த வேடத்துக்கு வருகிறவர்களில் பரதம் கற்றவர்கள் நிறைய. அவர்களுக்கு இங்கே ஒரு தனிச் சிக்கல் உண்டு. பத்து வருடப் பயிற்சி பெற்ற கால் தாளத்தை விட்டு விலகாது. விலகாத வரை அது அழகான நடனம். அழகான நடனமாக இருந்தால் காட்சி செத்தது. தாளம் எந்த இடத்தில் நழுவுகிறது, எந்த இடத்தில் கை உடம்புக்குக் கட்டுப்படாமல் போகிறது என்பதை ஒத்திகையில் முன்கூட்டியே குறித்துக்கொண்டு, அதையே ஜதி மாதிரிப் பழகவேண்டும். தலைமுடியும் தற்செயலாக அவிழாது. மூன்று ஊசி மட்டும் குத்தி, அதில் ஒன்றைத் தளர்வாக விட்டால்தான் நேரத்துக்கு அவிழும். ஸ்டீவன்சன் ஆடுவது நடனக்காரியின் ஆட்டம் அல்ல, பயந்தவளின் ஆட்டம்.

அந்த அங்கம் முடியும் விதம் எங்களுக்கு மிகவும் பிடித்தது. எல்லோரும் சாப்பாட்டு அறைக்குப் போனதும் நோரா கடிகாரத்தைப் பார்க்கிறாள். மணி ஐந்து. நள்ளிரவுக்கு ஏழு மணி நேரம். அங்கிருந்து அடுத்த நள்ளிரவுக்கு இருபத்து நான்கு. அப்போது தரான்தெல்லா முடிந்திருக்கும். இருபத்து நான்கும் ஏழும் முப்பத்தொன்று. உயிரோடு இருக்க முப்பத்தொரு மணி நேரம். கணக்கு வராது என்று கணவன் நினைக்கும் பெண் போடும் கூட்டல் இது. இதை அழுதுகொண்டு சொன்னால் கெட்டுப்போகும். மளிகைக் கணக்கு மாதிரிச் சொல்ல வேண்டும்.

டோர்வால்ட் விஷயத்தில் இந்தப் பதிப்பு சரியான முடிவு எடுத்திருக்கிறது. ட்ரெவர் ஈவ் பார்க்க லட்சணமானவர். அவருடைய டோர்வால்ட் மனைவிமேல் நிஜமாகவே ஆசை வைத்திருக்கிறான். அவனைக் கொடுமைக்காரனாகப் போட்டால் நோரா வெளியேறுவது சுலபமான விஷயமாகிவிடும், யாரும் எதுவும் யோசிக்கத் தேவையில்லை. அன்பாகப் பேசுகிற, ஒழுங்காகச் சம்பாதிக்கிற, அக்கம்பக்கத்தில் நல்ல பெயர் எடுத்த கணவனை ஏன் விட்டுப் போக வேண்டும் என்ற கேள்விதான் கேள்வி. ஒயிட்ஃபீல்டு அடுக்குமாடியில் குடியிருக்கும் தம்பதி இதைப் பார்த்தாலும் தங்கள் வீட்டு ஹாலை அதில் பார்ப்பார்கள்.

பேட்ரிக் மலாஹைட்டின் டாக்டர் ராங்க் அடக்கமாகச் செய்யப்பட்ட நல்ல வேலை. அப்பா செய்த பாவத்துக்குத் தன் முதுகெலும்பு தண்டம் கட்டுகிறது என்பதை அவர் பரிதாபம் தேடாமல் சொல்கிறார். நோரா அவரிடம் பணம் கேட்கலாமா என்று நெருங்குவதும், அவர் தன் காதலைச் சொன்னதும் அந்த வழி அடைபட்டுப் போவதும் கேமராவுக்கென்றே எழுதியது போன்ற காட்சி. இனி கேட்டால் அது விலை ஆகிவிடும் என்று அவளுக்குப் புரிகிறது. அவள் விளக்கைக் கொண்டுவரச் சொல்கிறாள்.

குறை இல்லாமல் இல்லை. முதல் அங்கத்தில் நோராவும் லிண்டெயும் உட்கார்ந்து பேசுவது நீளம். மேடையில் இரண்டு உடம்புகளும் ஓர் அறையும் கண்ணுக்குத் தெரிவதால் தாங்கும். திரையில் முகம் மாற்றி முகம் வரும்போது, கதை தெரியாதவர் கைபேசியை எடுத்துவிடுவார். மூன்றாம் அங்கத் தொடக்கத்தில் லிண்டெயும் க்ரோக்ஸ்டாடும் மறுபடி சேர்வதும் கொஞ்சம் வேகமாக நடந்துவிடுவது போலத் தோன்றுகிறது. ஜெரால்டின் ஜேம்ஸின் உறுதியான குரல் அதைத் தாங்கிப் பிடிக்கிறது. அந்தப் பெண்தான் கடிதத்தைத் திரும்ப வாங்க வேண்டாம், ஹெல்மருக்கு உண்மை தெரியட்டும் என்று முடிவு செய்கிறவள் என்பதால், அவளுக்கு இன்னும் கொஞ்சம் மௌனம் கொடுத்திருக்கலாம்.

பெரிய குறை மொழி சம்பந்தப்பட்டது, அது இயக்குநரின் தவறும் இல்லை. இப்சன் எழுதிய மொழியில் ‘நீ’ வேறு, ‘நீங்கள்’ வேறு. க்ரோக்ஸ்டாடை ஏன் வேலையை விட்டு நீக்குகிறாய் என்று நோரா கேட்கும்போது டோர்வால்ட் சொல்லும் உண்மைக் காரணம், சின்ன வயதுச் சிநேகிதன் என்ற உரிமையில் அவன் எல்லார் எதிரிலும் தன்னை ‘நீ, நீ’ என்று பேசுகிறான் என்பது. ஆங்கிலத்தில் ‘யூ’ ஒன்றுதான். பெயர் சொல்லிக் கூப்பிடுகிறான் என்று மாற்றிச் சமாளிக்கிறார்கள், அந்தக் குத்தல் போய்விடுகிறது. தமிழில் இதற்குச் சிரமமே இல்லை. நாளைக்கு மேனேஜர் நாற்காலியில் உட்காரப் போகிறவனைக் கீழே வேலை பார்ப்பவன் ‘வாடா ஹெல்மர்’ என்றால் அந்த ஆபீஸ் எப்படி நெளியும் என்று நமக்குத் தெரியும். இதெல்லாம் அல்பக் காரணம் என்று நோரா சொல்லிவிடுகிறாள். அந்த ஒரு சொல்தான் அவனைச் சுட்டு, எழுதி வைத்திருந்த வேலைநீக்கக் கடிதத்தை வேலைக்காரியிடம் கொடுத்து உடனே அனுப்ப வைக்கிறது. நோரா தன் வாயாலேயே தன் வழியை அடைத்துக்கொள்ளும் இடம். தமிழில் பார்த்தால் கூடுதல் வலி இருக்கும்.

செல்லப் பெயர்களை அப்படியே பெயர்க்காதீர்கள். ‘வானம்பாடி’ என்று எந்தத் தமிழ்க் கணவனும் மனைவியைக் கூப்பிடுவதில்லை. ‘அணில்குட்டி’ ஓரளவு ஒட்டும். ‘பாப்பா’ என்று வைத்தால் கடைசிக் காட்சியில் அவள் சொல்வது, அப்பா வீட்டில் பொம்மைக் குழந்தை, உன் வீட்டில் பொம்மை மனைவி என்பது, தானாக வந்து உட்காரும். நோரா கணவனை ‘நீங்க’ என்றே பேசட்டும், கடைசிக் காட்சியிலும். கோபம் காட்ட அங்கே ‘நீ’க்கு மாற்றுவது மலிவான வழி. மரியாதை குறையாமல் பேசிக்கொண்டே ஒருத்தி வெளியேறும்போதுதான் அவனுக்குப் பிடித்துக்கொள்ள எதுவும் இருக்காது. முதல் அங்கம் முழுக்க நிறைந்திருந்த ‘என்னங்க’, ‘ஏங்க’ மட்டும் அங்கே வரக்கூடாது. இந்திய மொழிகளில் இந்த நாடகம் வேர் பிடிக்குமா என்று சந்தேகிக்க வேண்டியதில்லை. 1958-இல் கல்கத்தாவில் சோம்பு மித்ராவின் பகுரூபி குழு வங்காளத்தில் ‘புதுல் கேலா’ என்று போட்டுக் காட்டிவிட்டது.

மூன்றாம் அங்கத்தில் ஒரே ஒரு விகுதியில் கல்யாணம் முடிந்துபோகிறது. கடிதத்தைப் படித்துவிட்டு டோர்வால்ட் அவளைப் பொய்க்காரி, குற்றவாளி என்கிறான். பிள்ளைகளை இனி உன்னிடம் விடமாட்டேன், ஆனால் வெளியாருக்காக ஒன்றாக இருப்பது போலக் காட்டிக்கொள்ள வேண்டும் என்கிறான். அப்போது க்ரோக்ஸ்டாட் பத்திரத்தையே திருப்பி அனுப்பிய இரண்டாவது கடிதம் வருகிறது. டோர்வால்ட் கத்துகிறான்: நான் தப்பிச்சேன்! நோரா, நான் தப்பிச்சேன்! ‘தப்பிச்சோம்’ என்று அவன் வாயில் வரவில்லை. நோரா கேட்பது ஒரே சொல்: நான்? நீயும்தான், நிச்சயமா, என்கிறான் அவசரமாக. தமிழில் போடும் எவரும் இந்த இடத்தில் ‘காப்பாற்றப்பட்டேன்’ என்று புத்தகத் தமிழ் எழுதிக் கெடுத்துவிட வேண்டாம். ‘சேன்’, ‘சோம்’ வித்தியாசம் காதில் விழ வேண்டும். ஸ்டீவன்சன் முகத்தில் அப்போது நடப்பதைப் பாருங்கள். அழுகை எதுவும் இல்லை. எட்டு வருடக் கணக்கு ஒன்று நேராகிறது, அவ்வளவுதான்.

அதன் பிறகு அவள் உள்ளே போய் வேடிக்கை உடையைக் கழற்றிவிட்டு வீட்டு உடையில் வருகிறாள். அவள் மாற்றிக்கொண்டிருக்கும்போது அவன் மன்னிப்பின் பெருமை பற்றி நீளமாகப் பேசுகிறான். தானே மன்னித்த பெண் ஒருவனுக்கு இரண்டு மடங்கு சொந்தம் என்கிறான். உட்காருங்கள், பேச வேண்டும் என்று அவள் சொல்லும்போது வேகம் அடியோடு குறைய வேண்டும். காதலிக்கிறவளுக்காகக்கூட எந்த ஆணும் தன் மானத்தை விடமாட்டான் என்கிறான். லட்சக்கணக்கான பெண்கள் அதைச் செய்திருக்கிறார்கள் என்கிறாள். இப்சன் எழுதியதும் நூறாயிரம் என்ற எண்தான். நம் ‘லட்சம்’ இம்மி பிசகாமல் பொருந்துகிறது.

மற்றப் பதிப்புகள் பற்றி இரண்டு வரி. 1959-இல் அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஜூலி ஹாரிஸும் கிறிஸ்டோஃபர் பிளம்மரும் நடித்தது ஒன்றரை மணி நேர அளவுக்குள் அடக்கப்பட்டது; நடிகர்களுக்காகப் பார்க்கலாம். ஜெர்மன் தொலைக்காட்சிக்கு ஃபாஸ்பிண்டர் எடுத்த ‘நோரா ஹெல்மர்’, மார்கிட் கார்ஸ்டன்சன் நடித்தது, கண்ணாடிகளும் தட்டிகளும் நிறைந்த குளிர்ந்த படைப்பு. மூலத்தை நன்றாக அறிந்தவர்கள் இரண்டாவதாகப் பார்க்க ஏற்றது, முதலாவதாக வேண்டாம். ஜேன் ஃபோண்டா நடித்த லோசியின் 1973 படம் நார்வேயின் ரோரோஸ் ஊரில் பனிக்குள் எடுக்கப்பட்டது. கண்ணுக்கு அழகு, ஆனால் வெளியே காற்று வாங்க விட்டதும் அறையின் இறுக்கம் தளர்ந்துவிடுகிறது.

இனி பார்க்கும் முறை. இது பிபிசியின் இப்சன் டிவிடி தொகுப்பில் இருக்கிறது. அதே தொகுப்பில் 1987-இல் ஜூடி டென்ச் நடித்த ‘பேய்கள்’, 1972-இல் ஜேனட் சுஸ்மன் நடித்த ‘ஹெட்டா காப்ளர்’ இரண்டும் உண்டு, அவற்றுக்காகவும் வாங்கலாம். பிரிட்டிஷ் வட்டு மண்டலம் 2, நம் நாட்டு பிளேயர் மண்டலம் 5. எல்லா மண்டலமும் ஓடும் பிளேயர் இல்லையென்றால் வட்டைப் போட்டதும் திரையில் எச்சரிக்கைதான் வரும். படம் 4:3 அளவில் எடுக்கப்பட்டது. இன்றைய டிவிகள் தாமாகவே அதை அகலமாக இழுத்துவிடும், நோரா குட்டையாகவும் பருமனாகவும் தெரிவாள். பட அளவு அமைப்பில் 4:3 என்று வைத்து, இரண்டு பக்கமும் கறுப்புப் பட்டை வருவதை அப்படியே விடுங்கள். குழுவாகத் திரையிடுவதானால் நாடகத்துக்கு மூன்று அங்கம் என்பதால் இரண்டு இடைவேளை விடலாம், ஒவ்வொன்றும் பத்து நிமிடம். இரண்டாவது இடைவேளை அந்த முப்பத்தொரு மணி நேரக் கணக்குக்குப் பிறகு வரும். காபி குடிக்கும்போது அது மனதில் ஓடிக்கொண்டிருக்கும். டிவியோடு வரும் ஸ்பீக்கரை நம்பாதீர்கள். தனி ஸ்பீக்கர் கட்டாயம், ஏனென்றால் மூன்றாம் அங்கத்தின் பாதி விஷயம் ஒலியில் இருக்கிறது. தொடக்கத்தில் மாடி வீட்டு விருந்திலிருந்து நடன இசை மேலே இருந்து கேட்கும்.

முடிவில் சத்தம் கீழே இருந்து வரும். நோரா கூடத்துக் கதவு வழியாகப் போய்விடுகிறாள். டோர்வால்ட் முகத்தை மூடிக்கொண்டு உட்காருகிறான், பெயர் சொல்லி அழைக்கிறான், வீடு காலி என்கிறான். ஒரு நம்பிக்கை மின்னுகிறது. அதற்குப் பிறகுதான் கீழே தெருவாசல் பெருங்கதவு சாத்தப்படும் ஓசை. 1880-இல் ஜெர்மனியில் நோராவாக நடிக்க இருந்த நடிகை ஒருத்தி பிள்ளைகளை விட்டுப் போக மறுத்ததால், வேறொருவர் மாற்றிக் கெடுப்பதற்குள் இப்சனே மனமில்லாமல் ஒரு மாற்று முடிவு எழுதிக் கொடுத்தார். அதில் அவள் பிள்ளைகள் அறை வாசலில் சரிந்து விழுந்து தங்கிவிடுவாள், இந்தக் கதவும் சாத்தாது. 1992 பதிப்பில் சாத்துகிறது. பல குழுக்கள் செய்யும் தவறு, அவள் வெளியேறிய கையோடு மேடைக் கதவையே படாரென்று அடித்துவிடுவது. அப்படிச் செய்தால் அது கோபம் ஆகிவிடும். அவள் கூடத்துக் கதவை மெதுவாகத்தான் சாத்திவிட்டுப் போகிறாள். மாடிப்படி முழுவதும் இறங்கி முடிக்கிற நேரம் வரை அவளுக்கு மனம் மாறவில்லை என்பதைத்தான் அந்தச் சத்தம் சொல்கிறது. ஒலியமைப்பவர் ஸ்பீக்கரைத் தரையோடு வைத்து, நோரா வெளியேறியதிலிருந்து ஒரு மாடி இறங்கும் நேரத்தைக் கடிகாரம் வைத்து எண்ணட்டும். திரையிடுகிறவர்களுக்கும் இது பொருந்தும்: நோரா போனதும் நாற்காலியை நகர்த்த ஆரம்பிப்பார்கள், யாரோ ஒருவர் சுவிட்ச் பக்கம் போவார். கீழே கதவு சாத்தும் வரை விளக்கைப் போட வேண்டாம் என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.